சின்னத்தாய்க்குப் பிடித்தது

அத்தியாயம் பதினாலு

போன வாரம் குணசேகரை டாக்டர் அறைக்கு வெளியே உட்கார வைத்துவிட்டுப் போனதற்காக என்னைத் திட்டியவர்கள் உண்டு. திட்டட்டும். அவனும் இந்த ஒரு வாரமாக அப்படித்தான் இருந்தான். உடம்பு வீட்டுக்கும் வேலைக்கும் போய் வந்தது, மனசு மட்டும் அந்த பெஞ்சை விட்டு எழுந்திருக்கவில்லை.

புதிதாக வருகிறவர்களுக்காக நாலு வரி. குணசேகர் கோலார் தங்கவயல்காரன். பெங்களூரில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் மெஷின்களைப் பழுது பார்க்கிறவன். ரத்தம் ஓடும் குழாய்களோடு வேலை என்பதால், சேர்ந்ததும் மஞ்சள் காமாலை பி வகைக்கு மூன்று ஊசி போட்டார்கள். ஊசி பிடித்ததா என்று தெரிய ரத்தத்தில் கிருமியை எதிர்க்கும் ஆன்டிபாடி அளவைப் பார்த்தார்கள். பத்துக்கு மேல் இருந்தால் கவலையில்லை. இவனுக்கு ஒன்றுமே இல்லை. மறுபடி மூன்று ஊசி, மறுபடியும் ஒன்றுமில்லை. கூட வேலை செய்கிறவர்கள், "எனக்கு முந்நூறுப்பா, உனக்கு எவ்ளோ?" என்று பரீட்சை மார்க் கேட்பதுபோலக் கேட்டார்கள். இவன் சிரித்து மழுப்பினான். டாக்டர் ஸ்ரீலக்ஷ்மி மட்டும் சிரிக்காமல் இன்னொரு குழாய் ரத்தம் எடுக்கச் சொன்னார்.

அதன் ரிசல்ட் இன்றைக்கு வருகிறது. இன்றைக்கே அவன் அம்மா சின்னத்தாயின் நினைவு நாளும் வந்து தொலைத்தது.

*

பெங்களூர் ஆஸ்டின் டவுன் வீட்டில் காலையிலேயே அவன் அப்பா முனியப்பன் துணிப்பையை உதறிக்கொண்டு நின்றார்.

"டேய் குணா, வெளக்கு வெக்கிற நேரத்துக்கு வந்துடு. நீ வந்தாதான் படைக்கணும்."

"வந்துடறேம்பா."

குணசேகரின் மனைவி எலிசபெத் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். பிரேசர் டவுனில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் எடுக்கிறாள். வயிற்றில் ஏழு மாசம்.

"நான் வேணா லீவு போடட்டுமா மாமா? காயாவது நறுக்கித் தரேன்."

"வாணாம் எலிசு. நீ போய்ப் புள்ளிங்கள பாரு. என் பொண்டாட்டிக்கு நான் செய்யறேன்."

கத்தரிக்காய், கருவாடு, வாழை இலை எல்லாம் வாங்கிய பிறகு கடைசியாக அவர் போகும் இடம் ஒயின் ஷாப். அவர் குடிப்பதில்லை. மனைவி செத்த அன்றைக்கு விட்டவர், அதற்கப்புறம் தொட்டதில்லை. ஆனாலும் வருஷத்துக்கு ஒரு நாள் வரிசையில் நின்று ஒரு குவார்ட்டர் பிராந்தி வாங்கி வருவார்.

இறந்தவர்களுக்குப் பிடித்ததைப் படைப்பது நம் வழக்கம். சுருட்டுப் பிரியருக்குச் சுருட்டு, வெற்றிலைப் பிரியருக்கு வெற்றிலை. சின்னத்தாய் படத்துக்கு முன்னால் பதினோரு வருஷமாக ஒரு டம்ளர் பிராந்தி.

தங்கச் சுரங்கம் மூடி, முனியப்பனுக்கு வேலை போய், சாம்பியன் ரீஃப் சுரங்கத் தொழிலாளர் லைன் வீடுகளில் பாதிப் பேர் பெங்களூர் ரயிலைப் பிடித்துக்கொண்டிருந்த காலத்தில் சின்னத்தாய்க்கு வயிறு வீங்கியது. கண் மஞ்சளானது. டவுன் டாக்டர் வயிற்றைத் தட்டிப் பார்த்துவிட்டு, "குடிப்பாங்களா?" என்று ஒரு கேள்வி கேட்டார். அவர் கேட்டதோடு சரி. அதற்குள் லைன் முழுக்கத் தீர்ப்பு எழுதிவிட்டது. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? புருஷன் பாட்டிலிலேயே கை வைத்திருக்கிறாள் என்றார்கள். முனியப்பனும் அதை நம்பினார். அவள் போன பிறகு கோபமெல்லாம் ஆறி, "உசுரோட இருக்கசொல்ல ஒளிச்சி ஒளிச்சி குடிச்சா. இப்பவாவது நிம்மதியா குடிக்கட்டும்" என்று முதல் வருஷம் டம்ளரில் ஊற்றி வைத்தார். சொந்தக்காரர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அவர் கண்டுகொள்ளவில்லை. மனைவியைத் தான் மன்னித்துவிட்டதாகவே அவர் நினைத்திருந்தார்.

குணசேகரும் அதையே நம்பினான். கல்யாணத்துக்கு முன்னால் எலிசபெத்திடம், "எங்கம்மா குடிச்சுத்தான் செத்தாங்க. பின்னாடி யாரோ சொல்லி உனக்குத் தெரிய வேணாம், நானே சொல்லிடறேன்" என்று தலையைக் குனிந்துகொண்டு சொன்னவன் அவன்.

*

"கதவைச் சாத்திட்டு உட்காருங்க குணசேகர்."

டாக்டர் ஸ்ரீலக்ஷ்மி சுற்றி வளைக்கிற ஆள் இல்லை. கொட்டிக் கவிழ்க்கிற ஆளும் இல்லை. நாற்காலியை அவன் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு சொன்னார்.

"ஊசி உங்க உடம்புல வேலை செய்யலைன்னு நினைச்சோம். விஷயம் வேற. அந்த வைரஸ் ஏற்கனவே உங்க உடம்புல இருக்கு. ரொம்ப வருஷமாவே இருந்திருக்கணும். சின்னக் குழந்தையா இருக்கறப்பவே உள்ளே வந்துட்டா, உடம்பு அதை வீட்டு மனுஷான்னு நினைச்சுண்டு சும்மா இருந்துடும். அப்புறம் எத்தனை ஊசி போட்டாலும் ஆன்டிபாடி எப்படி வரும்?"

"எனக்கு ஒரு காமாலை கூட வந்ததில்லையே மேடம்."

"நிறைய பேருக்குத் தெரியாமலேதான் இருக்கும். லிவர் ஸ்கேன் பார்க்கணும், வைரஸ் எவ்வளவு இருக்குன்னு பார்க்கணும். மாத்திரை இருக்கு. வருஷக்கணக்கா நல்லா இருக்கறவா இருக்கா. உங்க வேலையைப் பத்தி நான் பேசிக்கறேன், அதை இப்ப யோசிக்காதீங்க."

"இங்கேர்ந்து வந்துச்சா? மெஷின்லேர்ந்து?"

"பெரியவனானப்புறம் வந்தா, பெரும்பாலும் உடம்பே துரத்திடும். இப்படித் தங்கிப்போறதுன்னா பொறக்கறப்போ அம்மாகிட்டேர்ந்து வந்திருக்கத்தான் வாய்ப்பு ஜாஸ்தி. அம்மா எப்படி இருக்காங்க?"

"இல்ல மேடம். லிவர் கெட்டுப்போச்சு. நாப்பத்தொம்பது வயசு."

"குடிப்பாங்களா?"

அதே கேள்வி. டவுன் டாக்டர் கேட்டபோது குணசேகருக்கு இருபத்து மூன்று வயசு. பதில் சொல்ல வேண்டிய இடத்தில் அப்பா இருந்தார். இன்றைக்கு அவனே சொல்ல வேண்டும்.

யோசித்துப் பார்த்தான். அம்மா கையில் டம்ளர் இருந்து பார்த்திருக்கிறானா? இல்லை. தள்ளாடிப் பார்த்திருக்கிறானா? வயிறு வீங்கின பிறகு தள்ளாடினாள், அதற்கு முன்னால் இல்லை. வீட்டில் அந்த வாடை எப்போதும் இருந்தது. அது அப்பாவின் வாடை.

"நான் பார்த்ததில்ல மேடம்," என்றான். "யாருமே பார்த்ததில்ல."

டாக்டர் ரிப்போர்ட்டை அவன் பக்கம் திருப்பி வைத்தார். "அவங்க ரத்தம் இல்லாம நான் சத்தியம் பண்ண முடியாது. ஆனா உங்க ரிப்போர்ட்டைப் பார்த்தா எனக்கு வேற காரணம் தேடத் தோணலை."

குணசேகர் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டான். பெற்றவளைக் குடிகாரி என்று நம்பி, அவள் படுத்திருந்த கடைசி மாதங்களில் லீவு கிடைத்தும் ஊருக்குப் போகாமல் பெங்களூரிலேயே இருந்துகொண்டவன் அழாமல் என்ன செய்வான்?

"மிஸஸ் கர்ப்பமா இருக்காங்கன்னு சொன்னீங்களே," என்றார் டாக்டர் மெதுவாக.

"மூணாம் மாசமே டெஸ்ட் எடுத்தாங்க. ஒண்ணும் இல்லன்னாங்க."

"அது நாலு மாசத்துக்கு முன்னாடி. இன்னிக்கே வரச் சொல்லுங்க."

*

எலிசபெத் மத்தியானமே ஆட்டோ பிடித்து வந்துவிட்டாள். வைரஸ் அளவு பார்க்கத் தானும் ரத்தம் கொடுத்துவிட்டு, அந்த இடத்துக்குப் பக்கத்தில் நின்றபடியே அவன் எல்லாவற்றையும் சொன்னான். அவள் கை தானாக வயிற்றின் மேல் போனது.

"எனக்கு வந்திருக்குமா?"

"தெரியல லிசி."

"பாப்பாவுக்கு?"

"உனக்கு இல்லன்னா பாப்பாவுக்கு இல்ல."

அவள் அவனை முறைத்தாள். பிறகு அழுதாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு கையை நீட்டினாள். பயத்தில் ஆளைக் கடித்துக் குதறுகிற பெண்கள் உண்டு. எலிசபெத்துக்குக் கோபமும் பயமும் சேர்ந்து வந்தால் காரியம்தான் முன்னால் நிற்கும்.

பஞ்சை அழுத்திப் பிடித்தபடி பெஞ்சில் உட்கார்ந்த பிறகுதான் அவளுக்கு மற்றது உறைத்தது.

"அப்போ அத்தை குடிக்கவே இல்லையா?"

அவன் தலையை மட்டும் ஆட்டினான்.

"மாமாகிட்ட சொல்லணும் குணா. இன்னைக்கே சொல்லணும்."

"வேணாம். உனக்குத் தெரியாது, அவரு அம்மாவை என்னென்ன பண்ணாருன்னு. டிரங்குப் பெட்டியைக் கவுத்துப்போட்டு பாட்டில் தேடுவாரு. பெங்களூருக்குக் கூட்டினு போலாம்னு நான் ஒரே ஒரு தரம் கேட்டேன். குடிகாரிக்கு எதுக்குடா பெரிய ஆஸ்பத்திரின்னாரு. நானும் விட்டுட்டேன். இப்ப போய் அவ குடிக்கலன்னு சொன்னா, அந்த ஆளு தாங்குவாரா?"

"தாங்க மாட்டாருதான்."

"அப்புறம்?"

"என் பிள்ளை நாளைக்கு அந்தப் படத்தைக் காட்டி யாருன்னு கேட்கும். குடிச்சுச் செத்த பாட்டின்னு சொல்வியா? முன்னாடி பிராந்தியை வெச்சுக்கிட்டு?" அவள் குரல் உடைந்தது. "செத்தவங்களுக்குப் பேசத் தெரியாது குணா. நீதான் பேசணும்."

*

சாயங்காலம் வீட்டில் குழம்பு மணத்தது. படத்துக்கு மாலை போட்டு, இலை விரித்து, சோறும் கருவாட்டுக் குழம்பும் வடையும் வைத்திருந்தார் முனியப்பன். பக்கத்தில் எவர்சில்வர் டம்ளர். வெள்ளை வேட்டி கட்டி, தலை வாரி, மாப்பிள்ளை மாதிரி இருந்தார்.

விளக்கேற்றுவதற்குள் குணசேகரின் போன் அடித்தது. டாக்டர்தான். வராந்தாவுக்கு ஓடி ஸ்பீக்கரில் போட்டான். எலிசபெத் அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

"வைரஸ் இல்லை. நெகடிவ். முதல்ல மூச்சு விடுங்க ரெண்டு பேரும்."

எலிசபெத் சுவரில் சாய்ந்து, "ஏசப்பா" என்றாள்.

"ஆனா ஆன்டிபாடி ஆறுதான் இருக்கு. சின்ன வயசுல ஊசி போட்டாங்கன்னு சொன்னேளே, நிச்சயமா மூணும் போட்டாங்களா?"

"ஸ்கூல்ல வரிசையா நிக்க வெச்சுப் போட்டாங்க மேடம். மூணு தடவை. ஆறுன்னா பத்துக்குக் கீழே... எனக்குப் பாதுகாப்பே இல்லையா?"

"அப்படிச் சொல்ல முடியாது. வருஷமாக ஆக நம்பர் இறங்கத்தான் செய்யும். ரத்தத்துல குறைஞ்சாலும் உடம்பு அந்த வைரஸை ஞாபகம் வெச்சிருக்கலாம். வந்தா எழுந்து சண்டை போடும். இல்லை, அன்னிக்கே ஊசி சரியாப் பிடிக்காமலும் போயிருக்கலாம். ஆறுங்கற நம்பர் மட்டும் ரெண்டுல எதுன்னு சொல்லாது. நாளைக்குக் காலைல வாங்க, ஒரு ஊசி போடறேன். கர்ப்பத்துல தாராளமாப் போடலாம். ஒரு மாசம் கழிச்சுப் பார்ப்போம். நம்பர் நன்னா ஏறிடுத்துன்னா உடம்பு மறக்கலைன்னு அர்த்தம். ஏறலைன்னா மிச்ச ஊசியையும் போடணும்."

"அதுவரைக்கும்?"

"ஒரே தட்டுல சாப்பிடுங்க, ஒண்ணும் ஆகாது. ரத்தம் படற சாமான், பிளேடு, பல் பிரஷ் எல்லாம் தனித்தனி. ராத்திரி விஷயத்துல ஜாக்கிரதையா இருக்கணும், நான் விளக்க வேண்டாம். குழந்தை பொறந்தவுடனே அதுக்கு முதல் ஊசி, மறுநாளைக்குன்னு தள்ளக் கூடாது. அப்பாவையும் ஒரு தரம் கூட்டிண்டு வாங்க."

போனை வைத்துவிட்டுத் திரும்பினால் முனியப்பன் வாசற்படியில் நின்றிருந்தார். இரண்டு பேர் கையிலும் ஒட்டியிருந்த பஞ்சைப் பார்த்தார்.

"இன்னாடா அது? எலிசுக்கு இன்னா? புள்ளைக்கு இன்னா ஆச்சி?"

"லிசிக்கு ஒண்ணும் இல்லப்பா. எனக்குத்தான்." குணசேகர் எலிசபெத்தைப் பார்த்தான். அவள் பார்வையை எடுக்கவில்லை. "உக்காருப்பா. அம்மாவைப் பத்திச் சொல்லணும்."

சொன்னான். தன் ரத்தத்தில் இருக்கிற காமாலைக் கிருமியைச் சொன்னான். அது பிறக்கும்போதே அம்மாவிடமிருந்து வந்திருக்கும் என்றான். அம்மாவின் ஈரலை அரித்தது அதுதான் என்று டாக்டர் நினைப்பதைச் சொன்னான். முனியப்பன் முதலில் சிரிப்பதுபோல ஏதோ செய்தார்.

"இன்னாடா ஒளறிகினு கீற? அந்த டாக்டரு கேட்டாரே, குடிப்பாளான்னு."

"கேட்டாரு. குடிச்சாங்கன்னு அவரு சொல்லலையே. ஆமான்னு சொன்னது யாரு?"

"நான்தான் சொன்னேன். பின்ன? என் பாட்டில்ல கொறஞ்சிகினே வந்துச்சேடா! ராத்திரி பாதி இருக்கும், காலைல பாத்தா அடியில கொஞ்சம் நிக்கும். வூட்ல வேற யாரு கீறாங்க?"

"அப்பா." குணசேகரால் அதற்கு மேல் கேட்க முடியவில்லை. கேட்கத்தான் வேண்டியிருந்தது. "ராத்திரி எவ்ளோ குடிச்சோம்னு ஒனக்குக் காலைல ஞாபகம் இருக்குமா?"

முனியப்பன் இடுப்பில் இருந்த துண்டை உருவிக் கையில் வைத்துக்கொண்டு, அதை என்ன செய்வதென்று தெரியாமல் உட்கார்ந்திருந்தார்.

மனைவி படத்தைப் பார்த்துக்கொண்டே பேசினார்.

"மூஞ்சியாண்ட வந்து ஊதிக் காமிச்சாடா. மோந்து பாருயா, வாசன வருதா சொல்லுன்னா." அவர் குரல் எங்கோ உள்ளேயிருந்து வந்தது. "வருதுடின்னேன். நானே மூக்கு முட்டக் குடிச்சிட்டு ஒக்காந்திருக்கேன். வராம இன்னாடா பண்ணும்?"

எலிசபெத் அவர் பக்கத்தில் போய்த் தரையில் உட்கார்ந்தாள். அவர் அவள் தோளைத் தொடக் கையை நீட்டி, தொடாமல் இழுத்துக்கொண்டார்.

"அவ தங்கச்சி சொன்னா. சாவு வூட்ல எல்லாரும் கேக்கச் சொன்னா, எங்கக்கா குடிக்க மாட்டான்னு. வெளிய போடின்னு நான்தான் புடிச்சித் தள்ளனேன். அன்னிக்கிப் போனவதான், இன்னி வரிக்கும் இந்தப் பக்கம் வரல."

எழுந்தார். படத்துக்கு முன்னால் இருந்த டம்ளரை எடுத்துக்கொண்டு பாத்ரூமுக்குப் போனார். தண்ணீர் கொட்டுகிற சத்தம் கேட்டது. திரும்பி வந்தபோது வேட்டியெல்லாம் ஈரம். இலைக்கு முன்னால் நின்று சோறு, குழம்பு, வடை என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"கருவாடு எனக்குப் புடிக்கும். வடை ஒனக்குப் புடிக்கும். அவளுக்கு இன்னாடா புடிக்கும்?"

குணசேகர் யோசித்தான். அம்மா பரிமாறியது நினைவிருந்தது. கடைசியில் சட்டியை வழித்துச் சாப்பிட்டது நினைவிருந்தது. எதையாவது ஆசையாகக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாளா? இனிப்பா, புளிப்பா? அவனுக்கு ஒன்று கூடத் தெரியவில்லை. இருபது வருஷத்துக்கு மேல் அவள் கையால் சாப்பிட்டவன் அவன்.

"தெரியலப்பா," என்றான். அழுதுகொண்டேதான் சொன்னான்.

"எனக்கும் தெரியலடா. கூட வாழ்ந்துட்டு, புள்ளையும் பெத்துட்டு, ஒண்ணும் தெரியல." முனியப்பன் விளக்கை ஏற்றவில்லை. தீப்பெட்டியை எடுத்து மறுபடி அலமாரியிலேயே வைத்தார். "அவ தங்கச்சிக்குத் தெரியும். இன்னும் தங்கவயல் மாரிகுப்பத்துலதானே கீறா? காலைல மொத வண்டிக்குப் போறேன்."

"நாளைக்கு லிசிக்கு ஊசிப்பா. அடுத்த நாள் நானும் வரேன்."

"நீ எலிச இட்டுகினு போ. புள்ளையப் பாரு. கால்ல வுழறதுக்குத் தொண எதுக்கு?"

"கதவைத் தொறக்க மாட்டாங்கப்பா. சின்னம்மாவைப் பத்தித் தெரியாதா ஒனக்கு?"

"தொறக்க வாணாம்," என்றார் முனியப்பன். "வெளியவே நிக்கறேன். வாசல்ல நின்னு கேக்கறேன், என் பொண்டாட்டிக்கு இன்னா புடிக்கும்னு."